இரவு 2 மணிவரை கீபோர்டு பயிற்சி: இடது கை ஏன் சிக்குகிறது?

இரவு 2 மணிவரை வாசித்தும், 5 மணிக்கே எழுந்து மறுபடி உட்கார்ந்தும் இடது கை அதே இடத்தில் சிக்குகிறது என்கிறீர்கள். இவ்வளவு உழைப்பையும் தூக்கக் குறைவுதான் தின்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. ஹார்வர்டில் தூக்க ஆய்வாளர் மேத்யூ வாக்கரின் குழு 2002-இல் வெளியிட்ட ஆய்வில், இடது கை விரல்களால் 4-1-3-2-4 என்ற எண் வரிசையில் விசைகளைத் தட்டப் பழக்கினார்கள். தூங்கி எழுந்தபின், கூடுதல் பயிற்சி இல்லாமலே வேகம் சுமார் 20 சதவீதம் கூடியது. அதே அளவு நேரம் விழித்திருந்தவர்களிடம் அந்த முன்னேற்றம் இல்லை. அதிலும் பின்னிரவில் வரும் இரண்டாம் கட்டத் தூக்கம் (ஆழ்ந்த தூக்கத்தைவிட லேசான ஒரு கட்டம்) அதிகம் கிடைத்தவர்களுக்கே பலன் அதிகம். நீங்கள் இழப்பது அந்தப் பகுதியைத்தான். சிக்கும் அந்த வரியை மட்டும் 10 மணிக்குள் மெதுவாக, தப்பில்லாமல் சில தடவை வாசித்துவிட்டுப் படுங்கள். அப்புறம், அந்த 5 மணி அலாரத்தை முதலில் தள்ளி வையுங்கள்.