ஒரே ஆள் சினிமாவில் ஆடை வடிவமைப்பு, கலை இயக்கம் இரண்டையும் செய்ய முடியுமா?

ஃபேஷன் டிசைன் முடித்த மகள், சினிமாவில் துணியும் செட்டும் நானே பார்ப்பேன் என்கிறாள், இது நடக்கிற காரியமா என்று கேட்டிருக்கிறீர்கள். கேள்வியைப் பார்த்தால் வீட்டில் இதற்காக ஏற்கெனவே ஒரு சண்டை நடந்திருக்கும் போல. நடக்கிற காரியம்தான். தைரியமாக அனுப்புங்கள்.

ஆஸ்திரேலியாவின் கேத்தரின் மார்ட்டின் சிட்னியில் நாடகக் கல்லூரியில் டிசைன் படித்தவர். 'மூலான் ரூஜ்' படத்துக்கு 2002இலும், 'தி கிரேட் கேட்ஸ்பி' படத்துக்கு 2014இலும் கலை இயக்கம், ஆடை என்று இரண்டு பிரிவிலும் ஆஸ்கர் வாங்கினார். மொத்தம் 4. கணவர்தானே டைரக்டர் என்று யாராவது சொல்வார்கள். சொல்லட்டும், வேலை திரையில் இருக்கிறது. ஆனால் அந்த நான்கில் மூன்று, இன்னொருவரோடு சேர்ந்து வாங்கியவை. தனி ஆளாக எல்லாவற்றையும் தூக்குவது இல்லை இது. இரண்டையும் ஒரு கண் பார்க்கிறது, அவ்வளவுதான்.

அந்த ஒரு கண் இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதை நான் பட்டுத் தெரிந்துகொண்டேன். தமிழ் சினிமாவில் காஸ்ட்யூம் பக்கம் பல வருடம் இருந்தவள் நான். ஒரு படத்தில் கதாநாயகிக்குப் பாசிப்பச்சைச் சுங்குடி. வீட்டுச் சுவர் வெள்ளைச் சுண்ணாம்பு என்றுதான் எங்களிடம் சொல்லியிருந்தார்கள். காலையில் போய்ப் பார்த்தால் சுவர் முழுக்கப் பச்சை. ராத்திரியோடு ராத்திரியாக மாற்றியிருக்கிறார்கள், எங்களுக்கு ஒரு போன் இல்லை. மானிட்டரில் அந்தப் பெண்ணின் முகமும் கையும் மட்டும்தான் தெரிந்தன. "சேலையை மாத்தும்மா" என்று மேனேஜர் கத்துகிறார். எப்படி மாற்றுவது? அதே சேலையில் அவள் தெருவிலிருந்து வாசலுக்கு வருவதை முந்தின நாளே எடுத்தாகிவிட்டது. கன்டினியூட்டி போய்விடும்.

எங்கள் பெட்டியில் இருந்த வேட்டிகளை எடுத்து நனைத்துப் பிழிந்து, அவளுக்குப் பின்னால் கொடி கட்டிக் காயப்போட்டேன். சேலை பளிச்சென்று தனியாகத் தெரிந்தது. படம் வந்ததும் எல்லாரும் அந்த வீட்டைத்தான் பாராட்டினார்கள். ஆடையைப் பற்றி யாரும் ஒரு வரி எழுதவில்லை.

ஆர்ட் டிபார்ட்மென்ட் நண்பர்கள் சண்டைக்கு வர வேண்டாம். வெயிலில் நின்று செட் போடுகிறவர்களின் உழைப்பு எனக்குத் தெரியும். ஆனால் துணி வேலையை இரண்டாம்தரமாகப் பார்க்கிற பழக்கம் எல்லா ஊரிலும் உண்டு. 1929இல் நடந்த முதல் ஆஸ்கர் விழாவிலேயே கலை இயக்கத்துக்கு விருது இருந்தது. ஆடைக்கு 1949 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அதே ஆஸ்கரை இந்தியாவுக்கு முதலில் வாங்கித் தந்தது ஆடைதான். 'காந்தி' படத்துக்காக 1983இல் பானு அத்தையா, ஜான் மோல்லோவோடு சேர்ந்து வாங்கினார்.

மகளை முதலில் காஸ்ட்யூமில் உதவியாளராகச் சேரச் சொல்லுங்கள். சண்டைக் காட்சிக்கு ஒரே சட்டையில் எத்தனை வேண்டும், புதுத் துணியை டீ டிக்காஷனில் நனைத்து, உப்புத்தாளால் தேய்த்து எப்படிப் பழசாக்குவது என்பதெல்லாம் கை பழகினால்தான் வரும். செட்டில் ஆர்ட் ஆட்களோடு நின்று பெயின்ட் கலப்பதையும் பார்க்கட்டும்.

அப்புறம், கேள்விக்குச் சம்பந்தமில்லாத ஒன்று. ஓடிடியில் படம் முடிந்த உடனே அடுத்த படத்தின் விளம்பரத்தைப் போட்டு டைட்டில் கார்டைச் சுருக்கிவிடுகிறார்களே, அதில்தான் எங்கள் டெய்லர்கள் பெயர் இருக்கிறது. அவர்கள் பிள்ளைகள் அதைப் பார்க்கத்தான் உட்கார்ந்திருப்பார்கள். தயவுசெய்து முழுதாக ஓட விடுங்கள்.