போர்ப் பிரச்சாரமும் சோதனைப் படங்களும்: கேள்வி பதில்

கேள்வி: புதுப் புது வழிகளைச் சோதித்துப் பார்க்கும் சோதனைப் படம் என்றாலே புரியாமல் எடுப்பதுதானா?

பதில்: நார்மன் மெக்லாரன் 1952-இல் கனடாவில் எடுத்த ‘நெய்பர்ஸ்’ சின்னக் குழந்தைக்கும் புரியும். எட்டே நிமிடம். பக்கத்துப் பக்கத்து வீட்டுக்காரர்கள் இருவர் செய்தித்தாள் படிக்கிறார்கள். ஒன்றில் ‘அமைதி இல்லையேல் போர் நிச்சயம்’, மற்றதில் ‘போர் இல்லையேல் அமைதி நிச்சயம்’. நடுவில் ஒரு பூ முளைக்கிறது. யாருக்குச் சொந்தம் என்ற தகராறில் இருவரும் செத்தொழிகிறார்கள்.

கேள்வி: எந்தக் கேமரா வாங்கலாம்?

பதில்: வாங்காதீர்கள். புரூஸ் கானர் 1958-இல் பழைய படத்துண்டுகளை ஒட்டியே 12 நிமிடப் படம் செய்தார். நீர்மூழ்கிக் கப்பல் மாலுமி பெரிஸ்கோப்பில் பார்க்கிறான்; ஒரு பெண் தெரிகிறாள்; டார்பிடோ பாய்கிறது; அணுகுண்டின் காளான் மேகம் எழுகிறது.

கேள்வி: எதிரியின் படத்தையே வெட்டி ஒட்டலாமா?

பதில்: தாராளமாக. நாஜி அணிவகுப்புக் காட்சிகளை முன்னும் பின்னும் ஓட்டி, நடன இசை சேர்த்து, வீரர்களைக் கோமாளிகளாக்கினார் பிரிட்டனின் சார்லஸ் ரிட்லி. நாஜிகள் தங்கள் பெருமை பேச எடுத்த அதே மூலப்படத்திலிருந்து எடுத்தாண்டு, அமெரிக்க வீரர்களுக்கு அபாயத்தை உணர்த்தினார் பிராங்க் காப்ரா. காட்சி ஒன்றுதான், சேர்க்கும் ஒலியும் வெட்டும்தான் பொருளை மாற்றுகின்றன. ஆகவே எந்தப் பிரச்சாரப் படத்தையும் முதல் தடவை ஒலியை அணைத்துவிட்டுப் பாருங்கள்.

கேள்வி: அப்படியானால் போர் எதிர்ப்புப் படமும் பிரச்சாரம்தானே?

பதில்: இல்லை. பிரச்சாரம் தன் வித்தையை ஒளிக்கும்.

கேள்வி (அவரே): நழுவுகிறீர்கள். எதிர்ப்புப் படமும் நம்மை உசுப்பத்தானே பார்க்கிறது?

பதில்: உசுப்பட்டும், எப்படி என்று பாருங்கள். 1969-இல் ஜெர்மன் இயக்குநர் ஹாருன் ஃபரோக்கி, நாபாம் என்ற எரிகுண்டு பற்றிய படத்தில் எரிந்த உடல்களை முதலில் காட்டவில்லை. காட்டினால் கண்ணை மூடிக்கொள்வீர்கள் என்கிறார். தன் கையில் சிகரெட்டை அழுத்தி அணைக்கிறார். சிகரெட் 400 டிகிரி, நாபாம் 3000 டிகிரி என்கிறது ஒரு குரல். மிச்சக் கணக்கை நாம் போடவேண்டும். உங்கள் பக்கமும் ஒரு நியாயம் உண்டு: மெக்லாரன் படத்தில் மனைவியரும் குழந்தைகளும் தாக்கப்படும் காட்சியை வெட்டிவிட்டார்கள், வியட்நாம் போர்க் காலத்தில்தான் அது திரும்பி வந்தது. பார்வையாளரின் மனநிலைக்கு எல்லோரும் வளைகிறார்கள்.

கேள்வி: எடிட்டிங்குக்கு எந்த மென்பொருள்?

பதில்: கேமரா, மென்பொருள் எல்லாம் வேறு யாரிடமாவது.

கேள்வி: அசல் செய்திப்படம் பொய் சொல்லாதல்லவா?

பதில்: முதல் உலகப் போரில் பிரான்ஸின் சோம் பகுதியில் நடந்த சண்டை பற்றி 1916-இல் பிரிட்டனில் வெளியான படத்தில் வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறிப் பாயும் காட்சி, போர்முனைக்குப் பின்னால் நடித்து எடுத்தது. மறுபடியும் சொல்கிறேன், ஒலியை அணையுங்கள்.

கேள்வி: அது மௌனப் படமாயிற்றே?

பதில்: எழுத்து அட்டை வரும்போது கண்ணை மூடிக்கொள்ளுங்கள்.