பதில்: பழைய ஊமைப்படம் அளவுக்கு மீறி வேகமாக ஓடுகிறது

வணக்கம். அமெரிக்க நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டனின் ‘ஒன் வீக்’ (1920) குறும்படத்தை மகளுக்குக் காட்டியபோது எல்லோரும் விழுந்தடித்து ஓடுவதுபோல் தெரிந்ததாகவும், கோப்பு பழுதா என்றும் கேட்டிருந்தீர்கள். பெரும்பாலும் பழுதாக இராது. அக்காலக் கேமராவின் கைப்பிடியைக் கையால் சுழற்றிப் படம் பிடித்தார்கள். வேகம் நொடிக்கு 16 சட்டகம் (ஃபிரேம், அதாவது படச்சுருளில் உள்ள ஒற்றைப் படம்), 20 சட்டகம் என மாறிக்கொண்டே இருந்தது. பேசும்படத்துக்கென நிலைபெற்ற 24 சட்டக வேகத்தில் அதை ஓட்டினால், 16இல் எடுத்த காட்சி ஒன்றரை மடங்கு விரைந்துவிடும். ஆனால் நகைச்சுவைப் படங்களில் வேண்டுமென்றே சற்று மெதுவாகச் சுழற்றி, திரையில் துள்ளலை வரவழைத்ததும் உண்டு என்பதால், முழுவதும் இயல்பு நடையாக்க முயல வேண்டாம்.

பிளேயரில் வேகத்தை 0.75 ஆக வைத்துப் பாருங்கள். இசை கெடும், ஒலியை நிறுத்திவிடலாம். படத்தின் இறுதியில், புதுமணத் தம்பதி இழுத்துச் செல்லும்போது தண்டவாளத்தில் சிக்கிய அவர்களது வீட்டை ஒரு ரயில் அடுத்த பாதையில் கடந்துபோக, தம்பதி பெருமூச்சு விட்ட பிறகே எதிர்த்திசையிலிருந்து மற்றொன்று வந்து நொறுக்குகிறது. அந்த இடைவெளியில்தான் சிரிப்பே இருக்கிறது. அந்த நிம்மதியை உங்கள் மகளால் உணர முடிகிற வேகமே சரியான வேகம்.