தொலைந்த டிராவலர்ஸ் செக்: கேள்வி பதில்

கேள்வி: சார், டிராவலர்ஸ் செக், அதாவது பயணத்தில் ரொக்கத்துக்குப் பதில் எடுத்துச் செல்ல முன்கூட்டியே பணம் கட்டி வாங்கும் செக். இங்கிலாந்தில் அதைத் தொலைத்த இருவர், பணத்தைத் திரும்பக் கேட்டு வழக்குப் போட்டார்கள். இருவர் மேலும் கவனக்குறைவு என்ற குற்றச்சாட்டு. ஒருவருக்குப் பணம் கிடைத்தது, மற்றவருக்கு இல்லை. ஏன்?

பதில்: 1989ஆம் ஆண்டுத் தீர்ப்புத் தொகுப்பில் அடுத்தடுத்து வந்த வழக்குகள் அவை. வித்தியாசம் ஒப்பந்த வாசகத்தில்தான். செக்கை வழங்கிய தாமஸ் குக் நிறுவனத்தின் மேல் போட்ட வழக்கில், வாடிக்கையாளர் ஜெர்சி தீவில் 50,000 பவுண்டுக்குச் செக் வாங்கி, உள்ளே இருப்பது தெரியும் பிளாஸ்டிக் பையில் லண்டனுக்குக் கொண்டுவந்தார். இரவு மது அருந்திவிட்டுச் சுரங்க ரயிலில் தூங்கிப்போனார். பை போய்விட்டது. செக்கைத் தக்கபடி பாதுகாத்திருக்க வேண்டும் என்பது அவர் ஒப்பந்தத்தில் எழுதியே இருந்தது. அதை நிறைவேற்றியவருக்குத்தான் பணத்தைத் திரும்பக் கேட்கும் உரிமை என்றார் நீதிபதி ஷீமன்.

பேங்க் ஆஃப் கிரெடிட் அண்ட் காமர்ஸ் இன்டர்நேஷனல் வழக்கில் அப்படியொரு நிபந்தனையே எழுதப்படவில்லை. தொலைந்தாலும் பணம் வரும் என்ற நம்பிக்கையில்தான் மக்கள் ரொக்கத்தை விட்டு இதை வாங்கினார்கள். அதனால் எழுதாத நிபந்தனையை வங்கிக்குச் சாதகமாகச் சேர்க்க நீதிபதி ஹட்சிசன் மறுத்துவிட்டார். இரண்டும் சரியான தீர்ப்புகள் என்றே நினைக்கிறேன். உங்கள் ரசீதின் பின்பக்கப் பொடி எழுத்தை முதலில் படியுங்கள்.

கேள்வி: மேல் கையெழுத்தை வாங்கிய அன்று போட மறந்துவிட்டேன். அப்படியே தொலைந்துவிட்டது.

பதில்: இதில் வெல்வது மிகக் கடினம். இந்தச் செக்கில் இரண்டு கையெழுத்து: வாங்கும்போது மேலே போடுவது மாதிரிக் கையெழுத்து, மாற்றும்போது போடுவது இரண்டாவது. மாதிரிக் கையெழுத்து இல்லாத செக் ரொக்கத்துக்குச் சமம். எடுத்தவனே இரண்டு இடத்திலும் தன் கையெழுத்தைப் போட்டுக்கொள்வான், ஒப்பிட்டுப் பார்க்க எதுவும் இருக்காது. இரண்டாவது கையெழுத்தையும் முன்கூட்டியே போட்டு வைத்திருந்தாலும் இதே கதிதான். அதைப் பணம் கொடுப்பவர் கண்முன்னே மட்டும் போட வேண்டும்.

கேள்வி: திருடன் என் கையெழுத்தைப் போலவே போட்டு அமெரிக்கக் கடையில் மாற்றிவிட்டான். நஷ்டம் யாருக்கு?

பதில்: மேல் கையெழுத்தை மட்டும் போட்டு, மற்ற நிபந்தனைகளையும் காத்திருந்தால் உங்களுக்கு இல்லை. அமெரிக்க வணிகச் சட்டத்தொகுப்பின் 3-106ஆம் பிரிவுப்படி, உரியவர் இரண்டாவது கையெழுத்து போடாதது வழங்கிய நிறுவனத்துக்குப் பணம் தர மறுக்க ஒரு எதிர்வாதம். ஆனால் மோசடி தெரியாமல், நல்லெண்ணத்தோடு பொருள் கொடுத்துச் செக்கை வாங்கிய கடைக்காரரிடம் அந்த வாதம் செல்லாது. ஆகவே நிறுவனம் கடைக்காரருக்கும் கொடுக்க நேரும், உங்களுக்கும் கொடுக்க நேரும். பணம் திருப்பித் தர முடியாது என்ற மறுப்புக் கடிதங்கள் இவ்வளவு கடுமையாக வருவதற்கு இந்த இரட்டைச் செலவு ஒரு பெரிய காரணம். 'நீங்களே மாற்றிவிட்டுத் தொலைந்ததாகச் சொல்கிறீர்கள்' என்ற சந்தேகமும் இங்கிருந்துதான் கிளம்புகிறது. மாற்றப்பட்ட செக்கின் இருபக்க நகலையும் கேட்டு வாங்குங்கள். கையெழுத்து நிபுணருக்கு அது வேண்டும்.

கேள்வி: தொலைந்ததும் என்ன செய்ய வேண்டும்?

பதில்: வரிசை எண்களோடு நிறுவனத்துக்கு உடனே போன் செய்யுங்கள். பேசிய நேரத்தையும் அவர்கள் தரும் குறிப்பு எண்ணையும் எழுதி வையுங்கள். பிறகு போலீஸ் புகார், அடையாள ஆவணம், வாங்கிய ரசீது, கோரிக்கைப் படிவம். பலர் சறுக்குவது மூன்று இடங்களில்: ரசீதையும் செக்கோடு ஒரே பையில் வைப்பது, எந்த எண்களை ஏற்கெனவே செலவழித்தோம் என்று குறிக்காமல் விடுவது, புகாரில் ஒரு நேரமும் படிவத்தில் வேறொரு நேரமும் எழுதுவது. மூன்றாவதுதான் வழக்கையே கெடுக்கும். நினைவில்லாத நேரத்தை ஊகித்து எழுதாதீர்கள், 'மாலை 6க்கும் 8க்கும் இடையில்' என்றே எழுதுங்கள்.

கேள்வி: பணம் திரும்ப வந்த பிறகு பழைய செக் கிடைத்துவிட்டது.

பதில்: மாற்றாதீர்கள், அது மோசடி. நிறுவனத்துக்கே அனுப்பி, அனுப்பியதற்கு அத்தாட்சி வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: இந்தியாவில் வாங்கிய செக். மறுப்புக் கடிதம் வந்துவிட்டது. எங்கே போவது?

பதில்: சொந்த உபயோகத்துக்கு வாங்கியதென்றால் நுகர்வோர் ஆணையம். 2019 சட்டப்படி நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்திலேயே போடலாம். கொடுத்த தொகை 5 லட்சம் வரை என்றால் கட்டணம் இல்லை. கெடு 2 ஆண்டு. மறுப்பு வந்தபிறகு நீங்கள் எழுதிக்கொண்டே இருக்கும் நினைவூட்டல் கடிதங்கள் அந்தக் கெடுவை நீட்டாது.