பழைய இங்கிலாந்துச் சட்டச் சொற்கள்: வாசகர் கேள்விகள்

கேள்வி: பழைய இங்கிலாந்து வழக்குகளைப் படித்தால் 'பெனிஃபிட் ஆஃப் கிளர்ஜி' என்று அடிக்கடி வருகிறது. ஆளைக் கொன்றவன்கூட அதைச் சொல்லித் தப்பிக்கிறான். அத்தனை பேருமா பாதிரியார்கள்?
(சட்டக் கல்லூரி மாணவர், திருச்சி)

பதில்: இல்லை, வேடிக்கையே அதுதான். 12-ஆம் நூற்றாண்டில் இது உண்மையிலேயே திருச்சபை ஆட்களுக்கான சலுகை. குரு ஒருவர் குற்றம் செய்தால் அவரை ராஜாவின் நீதிமன்றம் தண்டிக்கக் கூடாது, திருச்சபை நீதிமன்றத்திடம் ஒப்படைக்க வேண்டும், அங்கே தூக்கு கிடையாது. ராஜா இரண்டாம் ஹென்றிக்கும் கேன்டர்பரி பேராயர் தாமஸ் பெக்கெட்டுக்கும் மூண்ட சண்டையில் இது ஒரு பெரிய விவகாரம். 1170-இல் பெக்கெட்டைக் கொன்றுபோட்டார்கள், ராஜா இந்த விஷயத்தில் இறங்கி வர வேண்டியதாயிற்று.

சரி, முன்னால் நிற்கிறவன் குருதானா என்று எப்படிக் கண்டுபிடிப்பது? அந்தக் காலத்தில் எழுத்து வாசிக்கத் தெரிந்தவர்கள் பெரும்பாலும் திருச்சபைக்காரர்கள், அதனால் புத்தகத்தைக் கையில் கொடுத்து வாசிக்கச் சொன்னார்கள். வழக்கமாகக் கொடுத்தது 51-ஆம் சங்கீதத்தின் முதல் வசனம், "தேவனே, உமது கிருபையின்படி எனக்கு இரங்கும்" என்று நம் ஊர் பைபிளில் வருமே, அதன் லத்தீன் வடிவம். கழுத்தைக் காப்பாற்றுவதால் அதற்குக் 'கழுத்து வசனம்' என்றே பெயர் விழுந்துவிட்டது. எது வரப்போகிறது என்று முன்கூட்டியே தெரிந்தால் என்ன செய்வார்கள்? எழுத்தறியாதவர்களும் அதை மனப்பாடம் செய்துகொண்டு போய் ஒப்பித்தார்கள், நீதிபதிகளும் பல சமயம் தெரிந்தே விட்டுவிட்டார்கள், ஏனென்றால் சின்னத் திருட்டுக்கெல்லாம் தூக்கு என்று சட்டம் இருந்தது, ஆளைத் தொங்கவிட அவர்களுக்கும் மனசு வரவில்லை.

நாடக ஆசிரியர் பென் ஜான்சன் 1598-இல் ஒரு நடிகரை வாள் சண்டையில் கொன்றுவிட்டு இப்படித்தான் உயிர் பிழைத்தார். ஆனால் கட்டைவிரலில் சூடு போட்டு அனுப்பினார்கள். திருச்சபைக்காரர் அல்லாதவருக்கு இந்தச் சலுகை ஒருமுறைதான் என்று 15-ஆம் நூற்றாண்டின் கடைசியில் சட்டம் வந்திருந்தது, மறுபடி வந்தால் விரலைப் பார்த்தாலே போதும். வாசிக்கும் சோதனையை 1706-இல் எடுத்தார்கள், சலுகையை 1827-இல். ஆகவே 18-ஆம் நூற்றாண்டு ஆவணத்தில் இந்தச் சொல்லைப் பார்த்தால் சாமியாரைத் தேடாதீர்கள், முதல் தடவை மாட்டியவருக்குத் தண்டனைக் குறைப்பு என்று படியுங்கள்.

கேள்வி: 'டியோடண்ட்' என்றால் என்ன? ரயில் விபத்து ஒன்றைப் பற்றிப் படித்தபோது கண்ணில் பட்டது.
(ஒரு வாசகி, மதுரை)

பதில்: மாடு முட்டியோ வண்டி ஏறியோ ஒருவர் செத்தால், அந்த மாடோ வண்டியோ 'கடவுளுக்குக் கொடுக்க வேண்டியது' ஆகிவிடும். கடவுளுக்கு என்று பேர், போய்ச் சேர்ந்தது அரசருக்கோ அவரிடம் உரிமை வாங்கிய பிரபுவுக்கோதான். சாவை விசாரிக்கும் ஜூரிகளே அந்தப் பொருளுக்கு விலை போடுவார்கள், உரியவர் பணமாகக் கட்டிவிடுவார். சில பென்ஸ், சில ஷில்லிங் என்று நூற்றாண்டுக் கணக்கில் இது சத்தமில்லாமல் ஓடிக்கொண்டிருந்தது. அப்புறம் ரயில் வந்தது.

1841 டிசம்பரில் ரெடிங் அருகே சோனிங்கில் மண் சரிந்து ரயில் தடம் புரண்டு பலர் இறந்தபோது, ஜூரிகள் எஞ்சினுக்கும் பெட்டிகளுக்கும் 1,000 பவுண்டு போட்டார்கள். கம்பெனியின் மேல் இருந்த கோபத்தைக் காட்ட அவர்களுக்குக் கிடைத்த ஆயுதம் அது. பிறகு மேல்முறையீட்டில் அது நிற்கவில்லை. அப்படியே கட்டியிருந்தாலும் செத்தவர் குடும்பத்துக்கு ஒரு காசு வந்திருக்காது என்பதுதான் கொடுமை. 1846-இல் இந்த முறையை ஒழித்தார்கள், அதே ஆண்டில் குடும்பத்தினர் நஷ்டஈடு கேட்டு வழக்குப் போடவும் சட்டம் வந்தது.

கேள்வி: ஹேபியஸ் கார்பஸ் சட்டம் ஒரு குண்டு பிரபுவால் நிறைவேறியது என்கிறார்களே, நிஜமா?
(ஒரு வாசகர், கோவை)

பதில்: 1679-இல் பிரபுக்கள் சபையில் வாக்கு எண்ணியவர் ஒரு பருத்த பிரபுவை விளையாட்டாகப் பத்துப் பேராக எண்ணினார், எதிர்த்தரப்பு எண்ணுநர் கவனிக்கவில்லை என்று பிஷப் பர்னெட் எழுதி வைத்திருக்கிறார். பிரபுக்கள் சபைப் பதிவிலும் வந்திருந்தவர்களைவிட வாக்குகள் கூடுதலாகத்தான் இருக்கின்றன. ஆனால் அடைத்து வைத்திருப்பவரை நீதிமன்றத்தின் முன் கொண்டுவந்து நிறுத்தச் சொல்லும் அந்த ஹேபியஸ் கார்பஸ் ஆணை அதற்கு முன்பே பல நூற்றாண்டுகளாக இருந்தது, 1679 சட்டம் அதிகாரிகள் சாக்குச் சொல்லி இழுத்தடிப்பதைத் தடுத்தது, அவ்வளவுதான். நம் உயர் நீதிமன்றத்தில் அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆம் பிரிவின் கீழ்ப் போடும் ஆட்கொணர்வு மனு இதே வம்சம்.

கேள்வி: முதலாம் சார்லஸ் தலை வெட்டப்பட்டது 1649 ஜனவரி என்கிறது புத்தகம், அந்தக் காலப் பத்திரத்தில் 1648 என்று இருக்கிறது. எது சரி?
(ஓய்வுபெற்ற ஆசிரியர், நாகர்கோவில்)

பதில்: இரண்டும். அப்போது இங்கிலாந்தில் ஆண்டு மார்ச் 25-இல் பிறந்தது, ஜனவரி முதல் தேதிக்கு மாறியது 1752-இல்தான். அதற்கு முந்தைய பத்திரத்தில் ஜனவரி, பிப்ரவரி, மார்ச் 24 வரை உள்ள தேதியைப் பார்த்தால் பெரும்பாலும் ஓர் ஆண்டு கூட்டிக்கொள்ளுங்கள்.