மனசை அளக்கத் துணிஞ்சவங்க: வாசகர் கேள்வி பதில்

இந்த மாசம் வந்த கேள்விகள்ல முக்கால்வாசி சைக்காலஜி பத்திதான், பி.யூ.சி. (ப்ளஸ் டூ) ரிசல்ட் வந்து காலேஜ் அட்மிஷன் ஓடிட்டு இருக்கற நேரம் இல்லையா. அதனால மத்ததை எல்லாம் அடுத்த இதழுக்கு வெச்சுட்டு, இதை மட்டும் எடுத்துக்கறேன்.

கேள்வி: பி.ஏ. சைக்காலஜி ஃபர்ஸ்ட் இயர் படிக்கிறேன் மேடம். "உளவியல் 1879-ல லைப்சிக் நகரத்தில் பிறந்தது"ன்னு நோட்ஸ்ல ஒரே ஒரு வரிதான் இருக்கு. அந்த வருஷம் அப்படி என்ன நடந்துச்சு? அதுக்கு முன்னாடி மனசைப் பத்தி யாருமே யோசிக்கலையா? (மாணவி, அல்சூர்)

யோசிக்காம இருப்பாங்களாம்மா, மனுஷன் யோசிக்க ஆரம்பிச்ச நாள்லேர்ந்தே அதைத்தான் யோசிச்சுட்டு இருக்கான். ஆனா அது தத்துவத்துக்குள்ள ஒரு பகுதியா இருந்துச்சு, தனியா டிபார்ட்மென்ட் கிடையாது, லேப் கிடையாது, தனி டிகிரியும் கிடையாது. அதுக்கு மேல இம்மானுவேல் கான்ட் மாதிரி பெரிய தத்துவ மேதையே 1786-ல, மனசுக்குள்ள நடக்கறதுக்குக் கணக்குப் போட முடியாது, அதனால இது இயற்கை அறிவியல் ஆகவே ஆகாதுன்னு எழுதி வெச்சுட்டார். அவர் சொன்னா அப்பீல் ஏது.

அந்தக் கதவைத் திறந்தவங்க மருத்துவமும் பிசிக்ஸும் படிச்சவங்க. எர்ன்ஸ்ட் வெபர்னு ஜெர்மனியில இருக்கற லைப்சிக்ல ஒரு பேராசிரியர், கையில வெயிட்டைத் தூக்கச் சொல்லி எவ்வளவு கூட்டினா வித்தியாசம் தெரியுதுன்னு பார்த்தார். கிட்டத்தட்ட நாற்பதுல ஒரு பங்குன்னு வந்துச்சு. அதாவது கே.ஆர். மார்க்கெட்ல ஒரு கிலோ தக்காளிப் பையில 25 கிராம் கூடப் போட்டா கைக்குத் தெரியும், அதே 25 கிராமை நாலு கிலோ பையில போட்டா தெரியாது, அங்க 100 கிராம் வேணும். கூடுற எடை முக்கியமில்ல, ஏற்கெனவே இருக்கறதுல அது எத்தனையில ஒரு பங்குங்கறதுதான் முக்கியம்.

அதே ஊர்ல ஃபெக்னர்னு ஒரு பிசிக்ஸ் பேராசிரியர். கலர் கண்ணாடி வழியா சூரியனைப் பார்த்துப் பார்த்து ஆராய்ச்சி பண்ணி கண்ணைக் கெடுத்துக்கிட்டு, வேலையை விட்டு, சில வருஷம் இருட்டு ரூம்லயே கிடந்தவர். அவருக்கு 1850 அக்டோபர் 22 காலையில படுக்கையிலயே ஒரு யோசனை வருது, வெளியில இருக்கற தூண்டுதலும் உள்ள தோணுற உணர்வும் ஒரு கணக்குல கட்டுப்பட்டிருக்கணும்னு. பத்து வருஷம் உழைச்சு 1860-ல புத்தகமா போட்டார். இப்பவும் இந்தத் துறைக்காரங்க அந்த அக்டோபர் 22-ஐ ஃபெக்னர் டேன்னு கொண்டாடுறாங்க. என்னைக் கேட்டா கான்ட்டுக்குப் பதில் கிடைச்சது அன்னைக்குத்தான், 1879-ல இல்ல.

அப்போ 1879 எதுக்கு? வில்ஹெல்ம் வுண்ட் மருத்துவம் படிச்சவர், ஹெல்ம்ஹோல்ட்ஸ்ங்கற உடலியல் பேராசிரியர் கிட்ட உதவியாளரா இருந்தவர், 1875-ல லைப்சிக்குக்குத் தத்துவப் பேராசிரியரா வந்தார். அவரோட கருவிகளை வெச்சுக்க யுனிவர்சிட்டி ஒரு ரூம் குடுத்துச்சு. 1879-ல அந்த ரூம்ல ஸ்டூடன்ட்ஸ் சொந்தமா ஆராய்ச்சி பண்ண ஆரம்பிச்சாங்க, அவ்வளவுதான் நடந்துச்சு. திறப்பு விழா, ரிப்பன் எதுவும் இல்ல, யுனிவர்சிட்டி அதை முறையா அங்கீகரிச்சதே சில வருஷம் கழிச்சுத்தான். சத்தம் கேட்ட உடனே தந்தி அடிக்கற சாவி மாதிரி ஒண்ணை அழுத்தணும், நொடியில ஆயிரத்துல ஒரு பங்கு காட்டுற கடிகாரம் அதைக் குறிச்சுக்கும், இந்த மாதிரி சோதனைகள். ஆனா பாருங்க, அங்க படிக்க உலகம் பூராவுலேர்ந்தும் ஆள் வந்தாங்க, 180-க்கும் மேல பேர் அவர் கிட்ட டாக்டரேட் முடிச்சாங்க, அவங்க ஊர் திரும்பி அதே மாதிரி லேப் போட்டாங்க. ஒரு துறை நிக்கறதுக்கு ஒரு பெரிய மூளை மட்டும் இருந்தா பத்தாது, கத்துக்குடுக்கற மாதிரி ஒரு முறை வேணும், அதைத் தூக்கிட்டுப் போக சிஷ்யர்கள் வேணும். வுண்ட் கிட்ட அந்த ரெண்டும் இருந்துச்சு. பரீட்சையில இதை எழுதும்மா, தைரியமா எழுது.

கேள்வி: என் பொண்ணு சயின்ஸ் குரூப்ல நல்ல மார்க், ஆனா சைக்காலஜிதான் படிப்பேன்னு பிடிவாதம். அது உண்மையிலேயே சயின்ஸா, இல்ல சும்மா பேச்சா? (ஒரு அப்பா, ஸ்ரீராமபுரம்)

சார், உங்க பயம் புரியுது. ரெண்டு விஷயம் மட்டும் சொல்றேன், நீங்களே முடிவு பண்ணுங்க.

நரம்புல செய்தி ஓடுற வேகத்தை அளக்கவே முடியாதுன்னு அந்தக் காலத்துப் பெரிய உடலியல் பேராசிரியர் யோஹான்னஸ் ம்யூல்லர் நினைச்சார். அவர் கிட்டயே படிச்ச ஹெல்ம்ஹோல்ட்ஸ் 1850-ல தவளை நரம்பை வெச்சு அளந்துட்டார், நொடிக்கு சுமார் 27 மீட்டர், மணிக்கு நூறு கிலோமீட்டர் கிட்ட. அப்போ மனசுல நடக்கற வேலைக்கும் நேரம் ஆகும்தானே? 1868-ல ஹாலந்துல டாண்டர்ஸ் ஒரு அழகான கழித்தல் கணக்குப் போட்டார். ஒரே ஒரு சிக்னல் வந்தா பதில் சொல்ல எவ்வளவு நேரம், ரெண்டு சிக்னல்ல எதுன்னு பிரிச்சுப் பார்த்து பதில் சொல்ல எவ்வளவு நேரம், ரெண்டையும் கழிச்சா மிஞ்சுறது தீர்மானம் பண்ண ஆன நேரம்.

அடுத்தது ஞாபகசக்தியை அளந்த ஜெர்மன்காரர் எப்பிங்ஹாஸ். லேப் இல்ல, காசு இல்ல, சோதனைக்கு ஆளும் இல்ல, தன்னையே வெச்சுக்கிட்டார். அர்த்தமே இல்லாத அசைகளா 2,300 கிட்ட உருவாக்கி, கடிகாரச் சத்தத்துக்கு ஏத்த மாதிரி ஒரே வேகத்துல மனப்பாடம் பண்ணி, மறந்து, திரும்பப் படிச்சு, ரெண்டாவது தடவை எவ்வளவு நேரம் மிச்சமாகுதுன்னு வருஷக்கணக்கா குறிச்சுட்டே இருந்தார். 1885-ல புத்தகம் வந்துச்சு. மறதி முதல் ஒரு மணி நேரத்துலயே சரசரன்னு இறங்குது, அப்புறம் மெதுவாகுதுன்னு அவர் போட்ட வளைவு இன்னைக்கும் பாடத்துல இருக்கு, பின்னாடி வந்தவங்க திரும்பச் செஞ்சு பார்த்தும் ஏறக்குறைய அப்படியேதான் வந்துச்சு. சயின்ஸ்னா வேற என்ன சார் வேணும்? பொண்ணைப் படிக்க விடுங்க, ஆனா ஸ்டாடிஸ்டிக்ஸ் பேப்பர் இருக்குன்னு இப்பவே சொல்லி வெச்சுடுங்க.

கேள்வி: பாடத்துல வர்ற பேர் எல்லாம் ஆம்பளைங்க பேராவே இருக்கே, பெண்கள் யாரும் அப்போ இந்தப் படிப்புக்கு வரலையா? (வாசகி, கம்மனஹள்ளி)

வந்தாங்க, உள்ள விடல. மேரி விட்டன் கால்கின்ஸ்னு ஒருத்தங்க, அமெரிக்காவுல வெல்லஸ்லி காலேஜ்ல கிரேக்கம் சொல்லிக்குடுத்துட்டு இருந்தவங்க. 1890-ல ஹார்வர்டு யுனிவர்சிட்டில உளவியல் பேராசிரியர் வில்லியம் ஜேம்ஸ் வகுப்புக்குப் போனாங்க, அதுவும் ஸ்டூடன்ட்டா பேரைச் சேர்க்காம, விருந்தாளி மாதிரி. வகுப்புல இருந்த பையன்கள் ஒவ்வொருத்தரா கழண்டுட்டாங்க, கடைசியில ஜேம்ஸும் இவங்களும் மட்டும் அவர் வீட்டு லைப்ரரியில கணப்புக்குப் பக்கத்துல உக்காந்து, அப்போதான் வெளிவந்த அவரோட ரெண்டு வால்யூம் புத்தகத்தைப் படிச்சாங்க. அடுத்த வருஷமே தன் காலேஜ்ல லேப் ஆரம்பிச்சாங்க. ஞாபகசக்திக்கு இவங்க உருவாக்கின, ரெண்டு ரெண்டா ஜோடி சேர்த்து சோதிக்கற முறை இன்னைக்கும் புழக்கத்துல இருக்கு. டாக்டரேட்டுக்கு உரிய பரீட்சையை ஹார்வர்டு பேராசிரியர்கள் வெச்சாங்க, பாஸ்னும் எழுதிக்குடுத்தாங்க. யுனிவர்சிட்டி டிகிரி தரல, பொண்ணுங்கற ஒரே காரணம். 1902-ல பெண்களுக்கான ராட்க்ளிஃப் காலேஜ் பேர்ல ஒரு டிகிரி தர்றோம்னாங்க, வேண்டாம்னுட்டாங்க. மூணே வருஷத்துல, 1905-ல, அமெரிக்கன் சைக்கலாஜிக்கல் அசோசியேஷனோட முதல் பெண் தலைவர். எனக்கு அந்த "வேண்டாம்" ரொம்பப் பிடிக்கும்மா. 1930-ல இறந்தாங்க, ஹார்வர்டு டிகிரி கடைசி வரைக்கும் வரவே இல்ல.

1894-ல கார்னெல் யுனிவர்சிட்டில மார்கரெட் வாஷ்பர்ன் டாக்டரேட் வாங்கினாங்க, உளவியல்ல டாக்டரேட் வாங்கின முதல் பெண் அவங்கதான்.

கேள்வி: ஃப்ராய்டுதானே சைக்காலஜிக்கு அப்பா? (வாசகர், கே.ஆர்.புரம்)

இல்லங்க. அவர் வியன்னாவுல நரம்பு டாக்டர், கனவு பத்தின புத்தகம் வந்தது 1899 கடைசியில (அட்டையில 1900), அதுக்குள்ள அமெரிக்காவுல பல யுனிவர்சிட்டில சைக்காலஜி லேப் வந்தாச்சு.

கேள்வி: இதெல்லாம் ஜெர்மனி, அமெரிக்கா கதை. நம்ம பக்கம் எப்போ வந்துச்சு? பெங்களூர் நிம்ஹான்ஸ் மனநல ஆஸ்பத்திரிதான் ஆரம்பமா? (வாசகர், ஹோசூர் ரோடு)

நிம்ஹான்ஸுக்கு ரொம்ப முன்னாடியே வந்தாச்சு சார். முதல்ல கல்கத்தா. 1916-ல அங்க தனி டிபார்ட்மென்ட் வந்துச்சு, பொறுப்பு எடுத்தவர் நரேந்திரநாத் சென்குப்தா. அவர் ஹார்வர்டுல ம்யூன்ஸ்டர்பெர்க் கிட்ட படிச்சவர், ம்யூன்ஸ்டர்பெர்க் யாருன்னா லைப்சிக்ல வுண்ட் கிட்ட படிச்சவர்.

அடுத்தது நம்ம மைசூர் யுனிவர்சிட்டி, 1924. அங்க ஆரம்பிச்சவர் எம்.வி.கோபாலசாமி, லண்டன்ல ஸ்பியர்மன் கிட்ட டாக்டரேட் பண்ணவர். ஸ்பியர்மன் பிரிட்டிஷ் ராணுவத்துல ஆபீசரா இருந்து, அந்த உத்தியோகத்தை உதறிட்டு லைப்சிக் போய் வுண்ட் கிட்ட சேர்ந்தவர், நடுவுல போருக்குத் திரும்பக் கூப்பிட்டுட்டாங்க, 1906-லதான் டாக்டரேட் முடிச்சார். பாத்தீங்களா, கல்கத்தா வழியா போனாலும் மைசூர் வழியா போனாலும் ரெண்டே தலைமுறையில லைப்சிக் ரூமுக்குப் போய் நிக்கறோம். இந்தப் பரம்பரையை நம்ம ஊர் வகுப்புகள்ல யாரும் சொல்றதே இல்ல, எனக்கு அதுல ரொம்ப வருத்தம். (இந்தக் கோபாலசாமிதான் 1935-ல மைசூர்ல தன் வீட்டுலேர்ந்தே ஆகாசவாணிங்கற பேர்ல ரேடியோ நிலையம் நடத்தினவரும்.)

நீங்க தினம் பஸ்ல தாண்டிப் போற நிம்ஹான்ஸ், 1954-ல ஆல் இந்தியா இன்ஸ்டிட்யூட் ஆஃப் மென்டல் ஹெல்த்னு பழைய மென்டல் ஆஸ்பத்திரியோட சேர்ந்து ஆரம்பிச்சது, 1974-ல தான் இப்போ இருக்கற பேர். அதோட முதல் டைரக்டர் எம்.வி.கோவிந்தசாமி, மனநல டாக்டர். கோபாலசாமி வேற, கோவிந்தசாமி வேற, இனிஷியல் ஒண்ணா இருக்கறதால நிறைய பேர் குழப்பிக்கறாங்க. மெட்ராஸ் யுனிவர்சிட்டில சைக்காலஜி வந்தது 1943-ல, ஜி.டி.போவாஸ் காலத்துல. அது மைசூருக்கு ஏறக்குறைய இருபது வருஷம் கழிச்சு.