வீட்டுக் கடனில் உண்மையில் எவ்வளவு கட்டுகிறோம்? வாசகர் கேள்விகளும் பதில்களும்

இந்த முறை வந்த கேள்விகளில் பெரும்பாலானவை வீட்டுக் கடனைப் பற்றியவை. ஒப்பிட்டுப் பார்க்க எளிதாக இருக்கட்டும் என்று எல்லாப் பதில்களிலும் ஒரே கடனை எடுத்துக்கொண்டிருக்கிறேன்: கடன் 30 லட்சம், ஆண்டு வட்டி 8.5 சதவீதம், 20 ஆண்டு. இதற்கு மாதத் தவணை 26,035. உங்கள் தொகை வேறாக இருந்தாலும், வட்டியும் ஆண்டும் இதே என்றால் விகிதம் மாறாது.

கேள்வி: நானும் என் கணவரும் 30 லட்சம் வீட்டுக் கடன் வாங்கப்போகிறோம். 20 ஆண்டில் அடைத்துவிடலாம் என்றுதான் நினைத்திருந்தோம். கடன் கொடுக்கும் இடத்தில், "30 ஆண்டு எடுத்துக்கொள்ளுங்கள், தவணை மாதம் மூவாயிரம் குறையும்" என்கிறார்கள். வீட்டில் எல்லாரும் நல்லதுதானே என்கிறார்கள். எனக்கு மட்டும் மனசு ஒப்பவில்லை. என்ன செய்யலாம்?

உங்கள் மனசு சொல்வது சரிதான். 30 ஆண்டு எடுத்தால் தவணை 23,067. மாதம் 2,968 குறைகிறது, அது உண்மை. ஆனால் 20 ஆண்டுக் கடனில் நீங்கள் கட்டி முடிக்கும் மொத்தத் தொகை 62.48 லட்சம், அதில் வட்டி 32.48 லட்சம். 30 ஆண்டில் மொத்தம் 83.04 லட்சம், வட்டி மட்டும் 53.04 லட்சம். மாதம் மூவாயிரம் குறைவதற்காக இருபதரை லட்சம் கூடுதல் வட்டி.

ஏன் இப்படி? 30 லட்சத்துக்கு முதல் மாத வட்டியே 21,250. கடனை 40 ஆண்டுக்கு நீட்டினாலும் சரி, 100 ஆண்டுக்கு நீட்டினாலும் சரி, தவணை இந்த 21,250க்குக் கீழே இறங்கவே முடியாது. இறங்கினால் அசலில் ஒரு காசுகூடக் கழியாது. அதனால் ஆண்டுகளை நீட்ட நீட்ட, தவணை குறைவது சொற்பமாகிக்கொண்டே போகிறது. வட்டி மட்டும் ஏறிக்கொண்டே போகிறது.

இதையே மறுபக்கம் திருப்பிப் பாருங்கள். 15 ஆண்டு என்றால் தவணை 29,542. மாதம் 3,507 கூடுதல். வட்டி 23.18 லட்சமாக இறங்கிவிடும், அதாவது 9.3 லட்சம் மிச்சம். உங்கள் இருவர் சம்பளத்தில் அந்த மூவாயிரத்து ஐந்நூறுக்கு இடம் இருக்கிறதா என்று முதலில் உட்கார்ந்து பாருங்கள்.

30 ஆண்டு எடுப்பது எப்போதுமே தப்பு என்று சொல்ல மாட்டேன். இருவரில் ஒருவர் வேலை நிச்சயமில்லை, குழந்தை பிறக்கப்போகிறது என்ற நிலையில் கட்டாயத் தவணை சிறியதாக இருப்பது நிம்மதி. அப்படி எடுத்தால், முன்கூட்டிக் கட்ட அபராதம் இல்லை என்பதைப் படிவத்தில் பார்த்து உறுதி செய்துகொண்டு, முதல் மாதத்திலிருந்தே 26,035 கணக்கிலிருந்து தானாகப் போகும்படி ஏற்பாடு செய்யுங்கள். கையில் காசு இருக்கும் மாதம் கூடக் கட்டலாம் என்று விட்டால், அந்த மாதம் வரவே வராது.

கேள்வி: ஐந்து ஆண்டாக ஒரு தவணை தவறாமல் கட்டுகிறேன். இதுவரை 15.6 லட்சம் போயிருக்கிறது. ஆனால் அறிக்கையில் நிலுவை 26.44 லட்சம் என்று காட்டுகிறது. ஏதோ தவறு நடந்திருக்கிறது என்று என் தம்பி சொல்கிறான். புகார் செய்யலாமா?

கணக்கு சரியாகத்தான் இருக்கிறது. ஐந்து ஆண்டில் உங்கள் அசல் குறைந்தது சுமார் 3.56 லட்சம்தான். மீதி 12 லட்சத்துச் சொச்சம் வட்டிக்குப் போயிற்று.

உங்கள் தவணை அட்டவணையின் முதல் வரியை எடுத்துப் பாருங்கள். 26,035இல் வட்டி 21,250. அசலுக்குப் போனது 4,785. இப்போது நிலுவை 29,95,215. இரண்டாம் மாதம் இதற்கு வட்டி 21,216, அசலுக்கு 4,819. ஒரு மாதத்தில் முன்னேறியது வெறும் 34. இப்படியே போய், தவணையில் வட்டியைவிட அசல் அதிகமாவது 143ஆவது தவணையில்தான், அதாவது பன்னிரண்டாம் ஆண்டின் முடிவில். கடன் சரிபாதியாகக் குறையும்போது 13 ஆண்டு 10 மாதம் ஓடியிருக்கும்.

தம்பியின் கோபம் புரிகிறது. ஆனால் புகார் மனு எழுதும் நேரத்தை முன்கூட்டிக் கட்டும் கணக்குக்குச் செலவிட்டால் பலன் உண்டு. இப்போது, ஐந்தாம் ஆண்டு முடிவில், 2 லட்சம் சேர்த்துக் கட்டினால் கடன் 25 மாதம் முன்னதாகவே முடியும். வட்டியில் மிச்சம் சுமார் 4.53 லட்சம். அதே 2 லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் குறைவது 11 மாதம். மிச்சம் சுமார் 94 ஆயிரம். பணம் அதேதான், பத்து ஆண்டு முந்திக்கொண்டதற்குத்தான் இவ்வளவு வித்தியாசம்.

இங்கே ஒரு இடத்தில் நிறையப் பேர் வழுக்குகிறார்கள். 2 லட்சம் கட்டியதும், "தவணையைக் குறைக்கட்டுமா, காலத்தைக் குறைக்கட்டுமா?" என்று கேட்பார்கள். சில இடங்களில் கேட்காமலே தவணையைக் குறைத்துவிடுவார்கள். தவணையைக் குறைத்தால் மாதம் 1,970 மிச்சமாகும், கேட்க இனிப்பாக இருக்கும். ஆனால் மீதி 15 ஆண்டில் உங்களுக்கு நிகரமாகக் கிடைப்பது ஒன்றரை லட்சம்தான். காலத்தைக் குறைத்தால் நான்கரை லட்சம். "தவணை அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுத்து, புதிய அட்டவணையைக் கையில் வாங்கிக்கொண்டு வாருங்கள்.

கேள்வி: வட்டி ஏறிவிட்டது என்று செய்தி வந்தது. ஆனால் என் தவணை மாறவே இல்லை. எனக்கு ஒன்றும் பாதிப்பில்லை என்றுதானே அர்த்தம்?

இல்லை. இந்தக் கேள்விக்கு அவசரமாகப் பதில் சொல்லியாக வேண்டும். மாறும் வட்டிக் கடனில், வட்டி ஏறும்போது பல இடங்களில் தவணையைத் தொடாமல் மாதங்களை நீட்டிவிடுவார்கள்.

முதல் ஆண்டு முடிந்ததும் 8.5 சதவீதம் 9.5 ஆகிறது என்று வையுங்கள். மீதம் 228 தவணை. தவணை அதே 26,035 என்று விட்டால், அது சுமார் 285 தவணையாகிவிடும். 57 மாதம், ஏறக்குறைய நாலே முக்கால் ஆண்டு கூடுதல். ஒரே ஒரு சதவீதத்துக்கு, 14 லட்சத்துக்கு மேல் கூடுதலாகக் கட்ட வேண்டியிருக்கும்.

என் சொந்தக் கடனில் இதைத் தாமதமாகத்தான் கண்டுபிடித்தேன். ஆண்டு அறிக்கையின் கீழ் மூலையில் "மீதத் தவணைகள்" என்று ஒரு சின்னக் கட்டம். முந்தைய ஆண்டு அறிக்கையைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். பன்னிரண்டு குறைந்திருக்க வேண்டிய எண் கூடியிருந்தது. எனக்கு யாரும் கடிதம் போடவில்லை, தொலைபேசியிலும் சொல்லவில்லை. அன்றே போய்த் தவணையை உயர்த்தச் சொல்லி எழுதிக் கொடுத்தேன். உயர்த்தியது சின்னத் தொகைதான். ஆனால் விழித்துக்கொள்ளாத அந்த மாதங்களுக்குக் கட்டிய வட்டி போனது போனதுதான்.

நம் உதாரணக் கடனில் அதே முதல் ஆண்டு முடிவில் வட்டி 10.6 சதவீதத்தைத் தாண்டினால் நிலைமை இன்னும் மோசம். 26,035 அந்த மாத வட்டிக்கே போதாது. நீங்கள் ஒழுங்காகக் கட்டிக்கொண்டே இருப்பீர்கள், நிலுவை ஏறிக்கொண்டே இருக்கும். 2022இல் கனடாவில் வட்டி மளமளவென்று ஏறியபோது, தவணை மாறாத மாறும் வட்டிக் கடன்கள் பலவற்றில் தவணை வட்டிக்கே போதாமல் போனது. உங்கள் அறிக்கையை இன்றே எடுத்து அந்தக் கட்டத்தைப் பாருங்கள்.

கேள்வி: ஒரு தரகர் 5.5 சதவீத வட்டிக்குக் கடன் தருவதாகச் சொல்கிறார். மற்ற இடங்களில் 8.5. விட்டுவிடக் கூடாது என்கிறார் அண்ணன்.

அது ஃப்ளாட் ரேட்டா என்று கேளுங்கள். ஃப்ளாட் என்றால், அசல் குறையக் குறையவும் முதல் நாள் 30 லட்சத்துக்கே கடைசி மாதம் வரை வட்டி போடுவார்கள். ஆண்டுக்கு 1.65 லட்சம், 20 ஆண்டுக்கு 33 லட்சம். தவணை 26,250. அதாவது நிலுவைக்கு மட்டும் வட்டி போடும் 8.5 சதவீதக் கடனைவிட மாதம் 215 அதிகம்! கேட்க மூன்று சதவீதம் குறைவாக இருப்பது, கட்டும்போது 8.6 ஆகிவிடுகிறது. காலம் குறுகினால் இந்த இடைவெளி இன்னும் பெருகும்: ஐந்து ஆண்டுக் கடனில் 5.5 ஃப்ளாட் என்பது ஏறக்குறைய 10 சதவீதத்துக்குச் சமம். இடையில் அடைத்தால் மீதி வட்டியைத் தள்ளுபடி செய்வார்களா என்பது அடுத்த கேள்வி. அண்ணனிடம் தவணையையும் மாதங்களையும் பெருக்கிக் காட்டுங்கள்.

கேள்வி: ஐந்து ஆண்டு கட்டியாயிற்று. வேறொரு இடத்தில் 8 சதவீதத்துக்குக் கடனை மாற்றித் தருகிறார்கள். தவணையும் மாதம் நாலாயிரம் குறையுமாம். மாற்றலாமா?

நாலாயிரம் குறைகிறது என்றாலே, உங்கள் கடனை மறுபடி 20 ஆண்டாக்குகிறார்கள் என்று தெரிந்துகொள்ளுங்கள். 26.44 லட்சம், 8 சதவீதம், 20 ஆண்டு: தவணை 22,114, மொத்தம் 53.07 லட்சம். பழைய இடத்திலேயே இருந்தால் மீதி 15 ஆண்டில் கட்டப்போவது 46.86 லட்சம். வட்டி குறைந்த கடனுக்கு 6.2 லட்சம் அதிகம் கொடுப்பீர்கள்.

"மீதமிருக்கும் அதே 180 மாதத்துக்குப் போடுங்கள்" என்று கேளுங்கள். தவணை 25,266 வரும். மாதம் 769 குறைவு, 15 ஆண்டில் 1.38 லட்சம் லாபம். இதிலிருந்து மாற்றும் செலவுகளையெல்லாம் கழித்துவிட்டு, மிஞ்சுவதை வைத்து முடிவு செய்யுங்கள். செலவே ஒரு லட்சத்தை நெருங்கினால் நான் அசைய மாட்டேன். முதலில் இப்போதைய இடத்திலேயே வட்டியைக் குறைக்கச் சொல்லிக் கேட்டுப் பாருங்கள். கேட்பவருக்குக் குறைப்பதும் உண்டு.

கேள்வி: கடனோடு காப்பீடும் எடுக்கச் சொல்கிறார்கள். பிரீமியம் 1 லட்சத்தைக் கடனிலேயே சேர்த்துக்கொள்வார்களாம், கையிலிருந்து தர வேண்டாமாம்.

காப்பீடு வேண்டும், வருமானம் ஈட்டுபவர் போய்விட்டால் வீடும் போகக் கூடாது. ஆனால் கடனில் சேர்த்த அந்த 1 லட்சத்துக்கு 20 ஆண்டில் நீங்கள் கட்டுவது 2.08 லட்சம். வெளியே தனியாக டெர்ம் காப்பீடு (குறிப்பிட்ட ஆண்டுகளுக்குள் இறந்தால் மட்டும் குடும்பத்துக்குப் பணம் தருவது) எடுத்தால் என்ன ஆகும் என்று விசாரித்துவிட்டுக் கையெழுத்திடுங்கள். கடன் விண்ணப்பத்தைப் பரிசீலிக்க வாங்கும் பிராசசிங் கட்டணமும் இதே கதைதான்: 30 லட்சத்துக்கு 1 சதவீதம் முன்பே பிடித்துக்கொண்டால், 8.5 என்று சொன்ன வட்டி உண்மையில் 8.64 ஆகிறது.

கேள்வி: 30 லட்சத்துக்கு 62 லட்சம் கட்டுவதா என்று அப்பாவுக்குத் தூக்கமே வரவில்லை. சேமிப்பில் உள்ள 5 லட்சத்தையும் கொண்டுபோய்க் கட்டிவிடு என்கிறார். கட்டிவிடவா?

அப்பாவிடம் ஒன்று சொல்லுங்கள். விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால், 20 ஆண்டு கழித்து நீங்கள் கட்டும் கடைசி 26,035க்கு இன்றைய மதிப்பு சுமார் 9,800தான். அதனால் 62 லட்சம் என்பது இன்றைய 62 லட்சம் அல்ல. கடன் அவர் பயப்படும் அளவுக்குப் பெரிய பூதம் இல்லை.

ஆனாலும் முன்கூட்டிக் கட்டச் சொல்வதில் அவர் சொல்வது சரி. 8.5 சதவீத வட்டியை அடைப்பது, 8.5 சதவீதம் நிச்சயமாகக் கிடைக்கும் முதலீட்டுக்குச் சமம். வரிக்குப் பின் அவ்வளவு உறுதியாகத் தரும் இடம் எளிதில் கிடைக்காது. 5 லட்சத்தையும் கட்டச் சொல்வதில்தான் எனக்கு உடன்பாடு இல்லை. வீட்டுக் கடனில் கட்டிய பணத்தை ஆஸ்பத்திரிச் செலவுக்குத் திரும்பக் கேட்டால் பொதுவாகத் தர மாட்டார்கள். அப்போது தனிநபர் கடனோ கிரெடிட் கார்டோதான் கதி, அவற்றின் வட்டி இதைவிட எவ்வளவோ அதிகம். ஆறு மாதத் தவணைக்கு 1.56 லட்சம், அதோடு ஆறு மாத வீட்டுச் செலவு, இரண்டையும் தொடாமல் வைத்துக்கொள்ளுங்கள். மிஞ்சுவது 2 லட்சம் என்றால் அதை இந்த மாதமே கட்டி, காலத்தைக் குறைத்த புதிய அட்டவணையை அப்பாவிடம் காட்டுங்கள்.